அந்த 8 ஜிபி கோப்பு எங்கே ஒளிந்திருக்கிறது?

மடிக்கணினியில் ‘சி’ டிரைவ் சிவப்பாகிவிட்டது என்று விடுதியில் யாராவது ஒருவர் புலம்பாத வாரம் கிடையாது. படங்களை அழிப்பார்கள், பழைய அசைன்மெண்டுகளை அழிப்பார்கள், ஆசையாகப் போட்ட விளையாட்டுகளையும் அழிப்பார்கள். சிவப்பு மட்டும் குறையாது. அப்படி யாராவது என்னிடம் வந்தால் நான் கேட்கும் முதல் கேள்வி இதுதான்: “நீ ஐபோனைக் கம்ப்யூட்டர்ல சொருகி அப்டேட் பண்ணியா?” ஆமாம் என்று தலையாட்டினால் பாதி வேலை முடிந்தது.

கணினி வழியாக ஐபோனைப் புதுப்பிக்கும்போது, கைப்பேசியின் இயங்குதளம் முழுவதும் ஒரே கோப்பாக முதலில் கணினிக்குள் இறங்குகிறது. அதன் பிறகுதான் கைப்பேசிக்குப் போகிறது. புதிய மாடல்களுக்கு இந்தக் கோப்பு 7, 8 ஜிபி வரை வரும். வேலை முடிந்த பிறகும் பல வேளைகளில் அது கணினியிலேயே தங்கிவிடும். நாம் வழக்கமாகப் பார்க்கும் ‘டவுன்லோட்ஸ்’ கோப்புறையில் அது இருக்காது. விண்டோஸ் கணினியில் ஐடியூன்ஸ் அதை ‘ஆப்டேட்டா’ என்ற மறைவான கோப்புறைக்குள் வைக்கிறது. அதற்குள் ‘ரோமிங்’, அதற்குள் ‘ஆப்பிள் கம்ப்யூட்டர்’, அதற்குள் ‘ஐடியூன்ஸ்’, கடைசியில் ‘ஐபோன் சாஃப்ட்வேர் அப்டேட்ஸ்’. மேக் கணினியில் ‘லைப்ரரி’ கோப்புறைக்குள் இருக்கும். மைக்ரோசாஃப்ட் ஸ்டோரிலிருந்து இறக்கிய செயலி என்றால் இடம் மாறும்.

இடத்தை மனப்பாடம் செய்யத் தேவையில்லை. கோப்பின் வால் பெயர் ‘ஐபிஎஸ்டபிள்யூ’. முதலில் ‘வியூ’ பட்டியலில் மறைந்த கோப்புகளைக் காட்டச் சொல்லுங்கள். பிறகு ‘சி’ டிரைவின் தேடல் கட்டத்தில் ஒரு நட்சத்திரக் குறி, ஒரு புள்ளி, அதை ஒட்டி இந்த நான்கு எழுத்துகளைத் தட்டினால் போதும். எந்த வகைக் கோப்பு என்றே தெரியாவிட்டால், தேடலில் அளவைத் தேர்ந்தெடுக்கும் இடத்தில் ‘கைஜான்டிக்’ என்றொரு பிரிவு உண்டு. 4 ஜிபிக்கு மேற்பட்ட எல்லாவற்றையும் அது வரிசையாக நிறுத்திவிடும். விடுதித் தோழி ஒருத்திக்கு அப்படித் தேடியபோது ஐபோன் கோப்பு ஒன்று வந்தது. அதோடு அவள் மறந்தே போயிருந்த இரண்டு தெலுங்குப் படங்களும் வந்தன.

இந்த வகைக் கோப்புக்குப் பெயர் ஃபர்ம்வேர். தமிழில் நிலைப்பொருள் என்கிறோம். வன்பொருளுக்கும் மென்பொருளுக்கும் நடுவில் நிற்பது என்ற பொருளில் ஆஷர் ஒப்ளர் என்பவர் 1967-இல் ‘டேட்டாமேஷன்’ இதழில் இந்தச் சொல்லைப் பயன்படுத்தினார். அவர் மனத்தில் இருந்தது அந்தக் காலத்துப் பெரிய கணினி. இன்று கைப்பேசிக் கடைகளில் இதை யாரும் இப்படி நீட்டி முழக்குவதில்லை. “ஃபைல் இருக்கா?” என்றுதான் கேட்பார்கள்.

அந்தக் கேள்வியைத்தான் போன செமஸ்டர் விடுமுறை முழுவதும் நான் கேட்டுக்கொண்டிருந்தேன்.

பாடாங் செராய் பட்டணத்தில் தெரிந்த அண்ணன் ஒருவர் கைப்பேசி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கிறார். கணினி படிக்கிற பிள்ளைதானே என்று என்னை வரச் சொன்னார். திரை மாற்றும் வேலை தருவார் என்று நினைத்துக்கொண்டு போனேன். அவர் கணினியைக் காட்டி, “தங்கச்சி, இதுல இடமே இல்ல. ஆனா எதை அழிச்சாலும் மறுநாளு அதான் தேவைப்படுது. நீயே பாரு” என்றார். ஒரு டெராபைட் வன்தட்டு நிரம்பி வழிந்தது. கோப்புறைகளின் பெயர்கள்: ‘நியூ’, ‘நியூ 2’, ‘ஓகே போலே’, ‘ஜாங்கான் பாடாம்’, ‘ஜாங்கான் பாடாம் 2’. ‘அழிக்காதே’ என்று எழுதியிருக்கிறதே தவிர, ஏன் அழிக்கக் கூடாது என்று எந்தக் கோப்புறையும் சொல்லவில்லை.

பெரிய நகரத்தில் இருப்பவர்களுக்கு இது வேடிக்கையாக இருக்கலாம். தேவைப்படும்போது மறுபடியும் இறக்கிக்கொள்ள வேண்டியதுதானே என்பார்கள். எங்கள் வீட்டில் ஃபைபர் இல்லை. கைப்பேசி டேட்டாவில் 6 ஜிபி இறக்குவது என்றால் அன்று வீட்டில் வேறு யாரும் எதையும் பார்க்க முடியாது. பழுதுபார்க்கும் கடையிலும் நிலைமை அதைவிடப் பெரிதாக மேம்பட்டதல்ல. பழைய மாடல்களின் கோப்புகளை வைத்திருக்கும் இணையத்தளங்கள் பல, காசு கட்டாதவர்களுக்கு வேகத்தைக் குறைத்துவிடுகின்றன. ஆகவே ஒருமுறை முழுதாக இறங்கிய கோப்பு இங்கே ஒரு சொத்து.

அந்தச் சொத்து யாருக்குத் தேவைப்படுகிறது என்பதையும் சொல்ல வேண்டும். நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை தொடங்கிய 2020-இல் கல்வி அமைச்சு பெற்றோரிடம் ஓர் ஆய்வு நடத்தியது. அதில் 36.9 விழுக்காட்டு மாணவர்களிடம் எந்த மின்னியல் கருவியும் இல்லை என்று தெரிந்தது. மடிக்கணினி வைத்திருந்தவர்கள் 10 விழுக்காடுகூட இல்லை. திறன்பேசி இருந்தவர்கள் 46 விழுக்காட்டுக்குச் சற்று மேல். இல்லிருப்புக் கற்றல் காலத்தில் பள்ளிக்கூடமாக இருந்த அதே கைப்பேசிகளில் சில இன்னும் எங்கள் பக்கத்துத் தோட்ட வீடுகளில் ஓடிக்கொண்டிருக்கின்றன. இப்போது அவற்றில் வங்கிச் செயலி இருக்கிறது, ஊழியர் சேமநிதிக் கணக்கு இருக்கிறது. அது சின்னத்திலேயே நின்றுவிட்டால் புதிது வாங்கு என்று சுலபமாகச் சொல்ல முடியாது.

பெயரில் எழுதியிருக்கும் பிறந்தநாள்

கடைக்கு வரும் கைப்பேசிகளில் சாம்சங் நிறைய. அதன் கோப்புப் பெயர் பார்ப்பதற்குத் தட்டச்சுப் பிழை மாதிரி இருக்கும். படிக்கத் தெரிந்துவிட்டால் அது பிறப்புச் சான்றிதழ். 2017 ஏப்ரலில் கேலக்ஸி எஸ்8 விற்பனைக்கு வந்தபோது அதில் இருந்த நிலைப்பொருளின் பெயரை எடுத்துக்கொள்வோம்: ஜி950எஃப், எக்ஸ்எக்ஸ், யூ1, ஏக்யூடிடி. எல்லாம் இடைவெளி இல்லாமல் ஒரே சொல்லாக இருக்கும். முதல் பகுதி மாடல். அடுத்த இரண்டு எழுத்து எந்த வட்டாரத் தொகுதி என்பது. ‘யூ’வுக்கு அடுத்து வரும் 1 என்ற எண்ணைக் குறித்துக்கொள்ளுங்கள், அதற்குப் பிறகு வருவோம். கடைசி நான்கில் ‘ஏ’ என்பது பெரிய பதிப்பு, ‘க்யூ’ ஆண்டு, அடுத்த ‘டி’ மாதம், கடைசி ‘டி’ அந்த மாதத்தில் எத்தனையாவது தயாரிப்பு என்பது.

ஆண்டு எப்படி? ஆங்கில நெடுங்கணக்கில் ‘க்யூ’ 17-ஆவது எழுத்து, ஆகவே 2017. ‘வி’ என்றால் 2022, ‘எக்ஸ்’ என்றால் 2024. மாதமும் அப்படித்தான்: ‘ஏ’ ஜனவரி, ‘டி’ ஏப்ரல், ‘எல்’ டிசம்பர். இந்தக் கணக்குப்படி 2026-க்கு ‘இசட்’ வந்துவிடும். எழுத்து தீர்ந்த பிறகு என்ன செய்வது என்பது அவர்கள் கவலை. இது தெரிந்த அன்றைக்கே ‘நியூ’ என்ற கோப்புறையில் இருந்தவை எல்லாம் 2018-ஆம் ஆண்டுக் கோப்புகள் என்று தெரிந்துவிட்டது. ‘நியூ 2’ அதைவிடப் பழையது!

கோப்பு வெளியாகும் நாட்டுக்கும் ஒரு குறி உண்டு. மலேசியாவுக்கு எக்ஸ்எம்இ, சிங்கப்பூருக்கு எக்ஸ்எஸ்பி. நம் ஊரில் ‘ஏபி செட்’ என்று மலிவாக விற்கும் கைப்பேசிகளை எல்லாருக்கும் தெரியும். வேறு நாட்டுக்காகச் செய்யப்பட்டு இங்கே வந்தவை அவை. பெட்டியில் இருக்கும் பெயர் ஒன்றாக இருந்தாலும் மாடல் எண்ணின் கடைசி எழுத்து வேறாக இருக்கலாம், நாட்டுக் குறியும் வேறாக இருக்கலாம். வாய்ப்பேச்சில் “ஏ52 ஃபைல் இருக்கா?” என்று கேட்டுக் கோப்பை எடுப்பது ஆபத்து. கைப்பேசி முழுதாகத் திறக்காவிட்டாலும் ரிக்கவரி திரையின் மேற்பகுதியில் அதன் நிலைப்பொருள் பெயர் தெரியும். அதைப் பார்த்து எழுதிக்கொண்டு, கணினியில் இருக்கும் பெயரோடு எழுத்தெழுத்தாக ஒப்பிட வேண்டும்.

இதனால்தான் இறங்கிய கோப்பின் பெயரை மாற்றவே கூடாது என்கிறேன். அடையாளம் தேவை என்றால் கோப்புறைக்குப் பெயர் வையுங்கள். கோப்புறைக்குத் தமிழில் பெயர் வைக்க எனக்கும் ஆசைதான். ஆனால் இந்தத் துறையின் பழைய மென்பொருள்கள் சில தமிழ் எழுத்தைக் கண்டால் வழி தெரியாமல் நின்றுவிடுகின்றன.

காலாவதி ஆகும் கோப்பும் ஆகாத கோப்பும்

இப்போது அந்த 1 என்ற எண்ணுக்கு வருவோம். கைப்பேசியைத் தொடக்கிவைக்கும் பூட்லோடரின் படி எண் அது. புதுப்பிப்புகள் வர வர அது 2, 3 என்று ஏறும். ஏறியது இறங்காது. படி எண் 5-இல் இருக்கும் கைப்பேசி, 4 என்று எழுதியிருக்கும் கோப்பை ஏற்காது. கட்டளை பாதியில் நின்று சிவப்பில் பிழைச் செய்தி வரும். 4-இல் இருக்கும் கைப்பேசியோ 5-ஐ ஏற்றுக்கொள்ளும், ஆனால் அதன் பிறகு திரும்பி வர முடியாது. கடையில் எதை அழிப்பது, எதை வைப்பது என்ற சண்டைக்கு விடை இந்த ஒற்றை எண்ணில்தான் இருந்தது. ஒரே மாடலுக்கு, ஒரே நாட்டுக் குறியில் ஐந்து கோப்புகள் இருந்தால் படி எண் அதிகமானதை வைத்துக்கொண்டு மற்றவற்றை அனுப்பிவைக்கலாம். அண்ணனுக்கு முதலில் மனசு வரவில்லை. காசு கட்டி இறக்கியவை ஆயிற்றே.

ஐபோன் கோப்பின் கதை இன்னும் கடுமை. ஒவ்வொரு முறை ஏற்றும்போதும் அந்தக் கோப்புக்கு ஆப்பிளின் சர்வர் கையொப்பம் இட வேண்டும். புதிய பதிப்பு வந்து சில வாரங்களில் பழைய பதிப்புக்குக் கையொப்பம் நின்றுவிடும். அதன் பிறகு உங்கள் கணினியில் இருப்பது 8 ஜிபி வெறும் பாரம். தயங்காமல் அழிக்கலாம். தேவைப்படும் நாளில் வேறு பதிப்புதான் தேவைப்படும்.

நேர் எதிர் நோக்கியா. அந்த வன்தட்டின் ஓர் ஓரத்தில் ‘ஆர்எம்’ என்று தொடங்கும் பெயர்களோடு சின்னச் சின்னக் கோப்புறைகள் இருந்தன. நோக்கியா தன் மாடல்களுக்கு உள்ளே வைத்த எண்கள் அவை. 2010-இல் வந்த 1280-க்கு ஆர்எம்-647. கோப்புகள் எல்லாம் ஒரு வாட்சாப் காணொளி அளவுதான். கையொப்பம் கேட்க எந்தச் சர்வரும் இல்லை, ஆகவே காலாவதியும் இல்லை. மலேசியாவில் 3ஜி சேவை 2021 டிசம்பர் கடைசியில் நிறுத்தப்பட்டாலும் 2ஜி தொடர்ந்ததால், பொத்தான் கைப்பேசியை விடாத தாத்தா பாட்டிகள் இன்னும் கடைப்படி ஏறுகிறார்கள். அந்தக் கோப்புறைகளில் நான் கை வைக்கவில்லை.

இன்னொரு வீண் சுமை எல்லாருடைய கணினியிலும் இருக்கும்: சுருக்கிய ஸிப் கோப்பு ஒருபக்கம், அதைப் பிரித்து எடுத்த கோப்புகள் இன்னொரு பக்கம். இரண்டும் ஒன்றுதான். ஸிப்பை வைத்துக்கொண்டு பிரித்ததை அழித்தாலே பாதி இடம் மீளும். இவற்றை டெஸ்க்டாப்பில் போட்டுவைக்கவும் வேண்டாம். பல மடிக்கணினிகளில் டெஸ்க்டாப் தானாகவே ஒன்டிரைவுக்கு ஏறும். இலவசக் கணக்கில் இருப்பது 5 ஜிபிதான். ஒரே ஒரு கோப்பு அதை முழுங்கிவிட்டு, நாளை சமர்ப்பிக்க வேண்டிய அறிக்கையை ஏறவிடாமல் செய்யும்.

பெண்ட்ரைவில் எடுத்துப் போகிறவர்களுக்கும் ஒரு சேதி. கோப்பு 5 ஜிபி, பெண்ட்ரைவ் 32 ஜிபி, ஆனாலும் இடம் போதவில்லை என்கிறதா? பெண்ட்ரைவ் பழுதில்லை. ஃபேட்32 என்ற பழைய முறையில் அது அமைக்கப்பட்டிருந்தால் 4 ஜிபிக்கு மேற்பட்ட ஒற்றைக் கோப்பை ஏற்காது. உள்ளே இருப்பதை நகலெடுத்துவிட்டு எக்ஸ்ஃபேட் முறைக்கு மாற்றினால் சரியாகும்.

முழுதாக இறங்கியதா என்று பார்ப்பதும் முக்கியம். இணையம் நடுவில் அறுந்தால் கோப்பு குறையாக நின்றுவிடும்; பெயர் சரியாக இருக்கும், உள்ளே பாதிதான் இருக்கும். கூகுள் தன் பிக்சல் கைப்பேசிகளின் கோப்பு ஒவ்வொன்றுக்கும் எஸ்எச்ஏ-256 என்ற நீண்ட சரிபார்ப்பு எண்ணையும் சேர்த்து வெளியிடுகிறது. விண்டோஸில் உள்ள ‘சர்ட்யூட்டில்’ கட்டளையால் நம்மிடம் உள்ள கோப்புக்கும் அதே எண் வருகிறதா என்று பார்க்கலாம். ஓர் எழுத்து மாறினாலும் அந்தக் கோப்பு வேண்டாம். சாம்சங் கோப்புகளில் இந்தச் சரிபார்ப்பு கோப்பின் வாலிலேயே இருக்கும், பெயர் ‘எம்டி5’ என்று முடியும். ஏற்றும் மென்பொருள் அதைத் தானே பார்க்கும். பிழை வந்தால் சிலர் பெயரிலிருந்து அந்த ‘எம்டி5’-ஐ வெட்டிவிட்டு ஏற்றுவார்கள். காய்ச்சல் தெரியக் கூடாது என்று தெர்மாமீட்டரை ஒளித்துவைப்பது போன்ற வேலை அது. எங்கிருந்தோ ஒரு டெலிகிராம் குழுவில் கிடைத்த கோப்பென்றால் இன்னும் மோசம். அதற்குள் வேறு என்ன வைத்திருக்கிறார்கள் என்று வெளியே தெரியாது.

ஒரே ஒரு சொல் வித்தியாசம்

ஸிப்பைப் பிரித்தால் சாம்சங் கோப்பு ஐந்தாக வரும். பிஎல் என்பது பூட்லோடர். ஏபி என்பது இயங்குதளம், இருப்பதிலேயே பெரியது. சிபி தொலைத்தொடர்பு மோடத்துக்கு. நான்காவது சிஎஸ்சி, ஐந்தாவது ஹோம் சிஎஸ்சி. கடைசி இரண்டும் நாட்டுக்குரிய அமைப்புகள்தான், அளவும் ஏறக்குறைய ஒன்றுதான். இரண்டில் ஒன்றை மட்டுமே ஏற்ற வேண்டும். சிஎஸ்சியை ஏற்றினால் கைப்பேசி துடைத்துவிட்டது போல் ஆகிவிடும்: படம், எண்கள், செய்திகள் எதுவும் மிஞ்சாது. ஹோம் சிஎஸ்சியை ஏற்றினால் பெரும்பாலும் உள்ளிருப்பது அப்படியே இருக்கும். சியோமி கைப்பேசிகளுக்கான மென்பொருளிலும் இதே போல அடியில் மூன்று தேர்வுகள் உண்டு. எல்லாவற்றையும் துடை, பயனர் தரவை வைத்திரு, துடைத்துவிட்டுப் பூட்டு. பார்க்காமல் அழுத்துகிறவர்களுக்குப் பெரும்பாலும் முதலாவதோ மூன்றாவதோதான் வாய்க்கிறது.

துடைத்த பிறகு இன்னொரு கதவும் மூடும். கைப்பேசி பழைய கூகுள் கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்கும். எங்கள் பக்கத்துப் பெரியவர்களில் பலருக்கு அந்தக் கணக்கைத் திறந்து கொடுத்தது கைப்பேசி விற்ற கடைக்காரர். கடவுச்சொல்லை யாரும் எழுதி வைத்ததில்லை.

ஒரு நாள் மதியம் தோட்டத்திலிருந்து ஓர் ஆண்டி வந்தார். கைப்பேசி சார்ஜ் தீர்ந்து அணைந்தது. அதன் பிறகு சின்னத்தைத் தாண்டவில்லை. வேறு ஒரு கடையில் “ஃபார்மட் பண்ணாத்தான் சரியாகும்” என்று சொல்லியிருக்கிறார்கள். அவர் கைப்பேசியைக் கொடுக்காமல் திரும்பிவிட்டார். “போன் போனா போகட்டும்மா. அவரு பேசினது அதுலதான் இருக்கு” என்றார். அவருடைய கணவர் லாரி ஓட்டியவர், 2021-இல் தவறிவிட்டார். வாட்சாப்பில் அனுப்பிய குரல் செய்திகள்தாம் மிச்சம்.

ரிக்கவரி திரையில் கேச் பகுதியை மட்டும் துடைத்துப் பார்த்தோம். அது தரவைத் தொடாது. பலனில்லை. அந்த மாடலுக்கு எங்கள் வன்தட்டில் கோப்பு இருந்தது, எக்ஸ்எம்இ தான். ஆனால் படி எண் ஒன்று குறைவு. சரியானதை இறக்க மாலை வரை ஆயிற்று. ஆண்டி பெஞ்சை விட்டு எழவில்லை. ஹோம் சிஎஸ்சி என்ற சொல்லை நானும் அண்ணனும் மாறி மாறி இரண்டு முறை வாய்விட்டுப் படித்துவிட்டுத்தான் பொத்தானை அழுத்தினோம். சேமிப்புச் சில்லு போயிருந்தால் எந்தக் கோப்பாலும் பயனில்லை என்று அண்ணன் முன்கூட்டியே சொல்லியிருந்தார். அன்று சில்லு நன்றாகத்தான் இருந்தது. பூட்டுத் திரையில் பேத்தியின் படம் வந்தது.

வயரை எடுக்கும் முன்பு, எல்லாவற்றையும் கணினிக்கு நகலெடுத்துத் தரவா என்று கேட்டேன். வாட்சாப்பின் குரல் செய்திகள் வாரத்துக்கு ஒரு கோப்புறையாக இருக்கும். 202032 என்றால் 2020-ஆம் ஆண்டின் 32-ஆவது வாரம். உள்ளே ஒவ்வொன்றின் பெயரும் ‘பிடிடி’ என்று தொடங்கி ஆண்டு, மாதம், நாள் என்று ஓடும். நூற்றுக்கணக்கில் இருந்தன, ஆனால் பெயர்வரிசையில் அடுக்கினாலே தேதிவரிசை வந்துவிடும். ஆண்டி ஒரு தேதி சொன்னார். அன்றைக்கு மூன்று கோப்புகள் இருந்தன. பழைய பெண்ட்ரைவ் ஒன்றில் அந்த மூன்றையும் தனியாகவும், மொத்தத்தையும் இன்னொரு கோப்புறையிலுமாகப் போட்டுக் கொடுத்தேன். 4 ஜிபி தொல்லை எதுவும் இல்லை. ஒவ்வொன்றும் சில நூறு கிலோபைட்டுதான்.